வெள்ளி விளக்கும் ஐந்து விடைகளும்

ஜூன் 2, திங்கள்

கத்திரி முடிந்துவிட்டதாம். வெயிலுக்கு யாரும் சொல்லவில்லை போல. காலை எட்டரைக்கே சிட்லபாக்கம் ஏரிக்கரையில் நடக்க முடியவில்லை. பாதியில் திரும்பினேன்.

தம்பி ரகு போன். சனிக்கிழமை திவ்யா ரிசப்ஷனில் வந்தவர்களுக்கு விளையாட்டு வைக்கிறார்களாம். கச்சேரி பழசாகிவிட்டதாம். மைக் பிடிக்க ஆங்கர் ஒருத்தி ஏற்பாடு. பரிசு தேர்ந்தெடுப்பதும் கேள்வி எழுதுவதும் என் தலையில். "நீ டீச்சரா இருந்தவக்கா, உனக்கென்ன." கணக்கு டீச்சருக்கும் கல்யாண விளையாட்டுக்கும் என்ன சம்பந்தமோ. ரிடையர் ஆனவளுக்கு வேலை கொடுப்பது புண்ணியம் என்று குடும்பமே நம்புகிறது.

ஆனாலும் உள்ளுக்குள் சந்தோஷம்தான். தம்பி மகள் என்றாலும் திவ்யா பாதி நாள் என் வீட்டில் வளர்ந்தவள்.

யோசித்த வரை:
– வினாடி வினா, "பெண்ணை எவ்வளவு தெரியும்?" – மூன்றடுக்கு டிபன் கேரியர்
– குழந்தைகள் பலூன் உடைப்பது – ஜியாமெட்ரி பாக்ஸ்
– நாற்காலிக்கு அடியில் ஸ்டிக்கர் – துளசிச் செடி, தொட்டியோடு

பால்காரரிடம் சனி, ஞாயிறு வேண்டாம் என்று சொல்ல வேண்டும்.

ஜூன் 4, புதன்

மேற்குத் தாம்பரம் மார்க்கெட். ரகுவின் மனைவி வசந்தியும் கூட. நான் எதைத் தொட்டாலும் முகத்தைச் சுளித்தாள். டிபன் கேரியர்? எவர்சில்வர், சம்பந்தி வீட்டில் மட்டமாக நினைப்பார்கள். ஜியாமெட்ரி பாக்ஸ்? காம்பஸ் கூர்மை, கல்யாணத்தில் கூடாது. துளசி? வாடினால் அபசகுனம்.

கடைசியில் வினாடி வினாவுக்கு வெள்ளிக் காமாட்சி விளக்கு. கைக்கு அடக்கம், அழகாகத்தான் இருந்தது. மற்ற எல்லாவற்றுக்கும் பொம்மை போட்ட பிளாஸ்டிக் டிபன் பாக்ஸ், ஒரு டஜன். மூடி இப்போதே சரியாக மூடவில்லை.

ஆட்டோவில் வரும்போது வசந்திக்கு ஞானோதயம். விளக்கு யாரோ ஒருத்தருக்குப் போய்விட்டால்? மாப்பிள்ளை வீட்டார் (இனி மா.வீ., எழுதிக் கை வலிக்கிறது) ஜெயித்தால்தானே மரியாதை என்றாள். விளையாட்டு என்றால் யார் வேண்டுமானாலும் ஜெயிக்கலாம் என்றேன். என்னைக் குழந்தையைப் பார்ப்பதுபோல் பார்த்தாள்.

ஜூன் 5, வியாழன்

வெயில். இரண்டு முறை கரண்ட் போனது. கேள்வி ஐந்து எழுதினேன். மூன்றாவது மட்டும் வசந்தி சொல்லிச் சேர்த்தது: புகுந்த வீட்டில் பெண்ணுக்கு மிகவும் பிடித்தவர் யார்? விடை: மாமியார். ஐஸ் வைக்கிறார்கள்.

பதினோரு மணிக்கு ரகு. தோசை நான்கு சாப்பிட்டுவிட்டு விஷயத்துக்கு வந்தான். நஸ்ரீன் இருக்கும்வரை வேறு யாரும் ஜெயிக்க முடியாதாம். உண்மைதான். ஆறாம் வகுப்பிலிருந்து திவ்யாவோடு ஒரே பெஞ்ச், இரண்டு பேரும் என்னிடம் படித்தவர்கள். நிச்சயதார்த்தத்தில் பாயசம் பத்தாமல் போனதை மா.வீ. இன்னும் சொல்லிக் காட்டுகிறார்களாம். ஆகவே விடைகளை மாப்பிள்ளையின் பெரியப்பாவுக்கு முன்னாலேயே அனுப்பிவிட வேண்டுமாம்.

முப்பத்தொரு வருடம் பரீட்சை ஹாலில் நின்றவள் நான். திவ்யா என் வகுப்பில் இருந்த வருடம் கேள்வித்தாளை வீட்டுக்கே கொண்டு வந்ததில்லை. சொன்னேன்.

"கல்யாணத்துல போயி என்னக்கா நேர்மை" என்றான்.

மத்தியானம் வரை மாட்டேன். மூன்று மணிக்கு வசந்தி போனில் அழுதாள். நாலு மணிக்கு ஒப்புக்கொண்டேன். ஆனால் ஒரு நிபந்தனை, எனக்கு நானே போட்டுக்கொண்டது. கேள்வியை அனுப்ப மாட்டேன். கேள்வி வெளியே போனால்தானே லீக். விடைகள் மட்டும், கேள்வி வரும் வரிசையில்:

பெருங்களத்தூர் பஸ் ஸ்டாப்
பூரி மசாலா
மாமியார்
பல்லி
ஹெல்மெட்

இதில் எனக்கு ஒரு திருப்தி வேறு. சீ. பெரியப்பா உடனே கட்டைவிரல் படம் அனுப்பினார்.

ஜூன் 7, சனி

மண்டபம். எல்லோரும் பந்தியில். மணமகள் அறையில் உட்கார்ந்து எழுதுகிறேன். சாப்பிடப் பிடிக்கவில்லை.

முதல் கேள்வி, மாப்பிள்ளை பெண்ணை முதலில் பார்த்த இடம். பெரியப்பா. சரி. இரண்டாவது, பிடித்த டிபன். பெரியப்பா. சரி. நஸ்ரீன் தூக்கிய கை தூக்கியபடி. ஆங்கர் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை. அவளுக்கும் சொல்லி வைத்திருக்கிறார்கள்.

பந்தி போட நேரமாகிவிட்டது என்று வசந்தி சைகை காட்டினாள். ஆங்கர் மூன்றாவது கேள்வியை விட்டுவிட்டு நான்காவதற்குத் தாவினாள். "பொண்ணுக்கு எதைக் கண்டா ரொம்ப பயம்?"

கேள்வி முடியும் முன்பே பெரியப்பா மைக்கை வாங்கி, கணீரென்று, "மாமியார்."

மண்டபமே சிரித்தது. பாராட்டு என்று நினைத்து இன்னொரு தடவை சொன்னார். சம்பந்தியம்மா மேடையில், திவ்யாவுக்குப் பக்கத்திலேயே. அவர் சிரிக்கவில்லை. திவ்யா தரையைப் பார்த்தாள்.

வேறு வழியில்லாமல் ஆங்கர் நஸ்ரீனைக் கூப்பிட்டாள். பல்லி என்றாள், ஐந்தாவதும் அவளே சொன்னாள். தப்பு விடைக்கு ஒரு மார்க் கழிவு என்பதால் ஜெயித்ததும் அவள்தான். விளக்கைக் கொடுத்து போட்டோ எடுத்தார்கள். போட்டோ முடிந்ததும் வசந்தி அவளை மேடைக்குப் பின்னால் கூட்டிப் போனாள். நானும் போனேன். பார்சல் மாறிவிட்டதாம். விளக்கைத் திருப்பி வாங்கிக்கொண்டு பிளாஸ்டிக் டிபன் பாக்ஸைக் கையில் திணித்தாள்.

நஸ்ரீன் என்னைப் பார்த்தாள். "பரவால்ல மிஸ். டிபன் பாக்ஸ்னா டெய்லி யூஸ் ஆகும்."

குத்தல் இல்லை. குத்தியிருந்தால் தேவலை. நான் நகர்ந்து வந்துவிட்டேன்.

பெரியப்பா இப்போது எல்லோரிடமும் போனைக் காட்டுகிறாராம், டீச்சர் அனுப்பியதைத்தான் சொன்னேன் என்று. நான் வேண்டுமென்றே எழுதியதாக மா.வீ. முடிவு செய்துவிட்டார்கள்.

ஜூன் 8, ஞாயிறு

விடியற்காலை லேசான தூறல். ஏழரைக்கு முகூர்த்தம். சம்பந்தியம்மா காபியைத் திருப்பி அனுப்பிவிட்டு அறைக்கதவைச் சாத்திக்கொண்டார். போய் மன்னிப்புக் கேள் என்றான் ரகு. விடை அனுப்பியதற்கா, ஒழுங்காக அனுப்பாததற்கா என்று கேட்டேன். வேஷ்டியைச் சரி செய்துகொண்டு போய்விட்டான்.

திவ்யா கூப்பிட்டாள். பாதி ஜடை பின்னியிருந்தது.

"அத்தை, உங்க மேல தப்பில்லன்னு எனக்குத் தெரியும். ஆனா இன்னைலேர்ந்து அந்த வீட்ல இருக்கப் போறது நான்தானே."

தப்பு இருக்கிறது, நீ நினைக்கிற தப்பு இல்லை என்று சொல்ல வந்தேன். நேரமில்லை.

வசந்தி தட்டில் பூவும் விளக்கும் வைத்துக் கொடுத்தாள். கொண்டு போனேன். மன்னிக்கணும் என்றேன், வரிசை மாறிவிட்டது என்றேன். சம்பந்தியம்மா விளக்கை உள்ளங்கையில் வைத்துக் கனம் பார்த்தார். கைப்பையில் போட்டு ஜிப்பை இழுத்தார். பிறகுதான் சிரித்தார்.

"விடுங்க டீச்சர். வளைகாப்புக்கும் கேம்ஸ் வைப்பீங்கல்ல. அப்போ கேள்வியையும் சேர்த்து அனுப்பிடுங்க."

சரிங்க என்றேன்.