கண்ணாடியைக் கழற்றி வைத்திருந்தபோது

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். நீ, மாப்பிள்ளை, குட்டிப் பேத்தி மூவரும் நோய்நொடி இல்லாமல் சிரித்த முகமாக இருக்கிறீர்கள் என்று நினைத்துக்கொண்டேதான் எழுத உட்கார்ந்தேன். இங்கே நானும் அம்மாவும் உடம்பளவில் நன்றாக இருக்கிறோம். அம்மாவின் மணிக்கட்டு கூடிவிட்டது, துணி பிழியும்போது மட்டும் கொஞ்சம் குடைகிறது என்கிறாள், பிழியாதே என்றால் கேட்பதில்லை. மாப்பிள்ளைக்கு இருட்டில் வண்டி ஓட்டும்போது எதிர் வெளிச்சம் கூசுகிறது என்று சொன்னாயே, தள்ளிப்போடாமல் பவர் பார்க்கச் சொல், கண்ணாடிக் கடைக்காரன் மருமகன் கண்ணைச் சுருக்கிக்கொண்டு திரிந்தால் என் மானம்தான் போகும். உடம்பளவில் என்று ஏன் எழுதினேன் என்று இதற்குள் உனக்கு உறுத்தியிருக்கும். வாரம் தவறாமல் போனில் பேசிக்கொண்டு இப்போது கடிதம் எதற்கு என்றும் கேட்பாய். போனில் என்றால் நீ நடுவில் ஒரு கேள்வி கேட்பாய், நான் உடனே பேத்தி பால் குடித்தாளா என்று நழுவிவிடுவேன். காகிதத்தில் நழுவ முடியாது. கடைக்குத் திருடன் வந்தான், அப்பா சுட்டு விரட்டிவிட்டார் என்று உனக்குச் சொன்னோமே, அன்றைக்கு வந்தது திருடன் இல்லை. முதலிலேயே போட்டு உடைத்துவிட்டேன், இனி எழுதுவது கொஞ்சம் சுலபம்.

போன வருஷம் அந்த இரண்டு பேர் அம்மாவைத் தள்ளிவிட்டுக் கல்லாவைத் துடைத்துக்கொண்டு போனது உனக்குத் தெரியும். உனக்குத் தெரியாதது அதற்குப் பிறகு அவள் இருந்த இருப்பு. வீட்டுக் கதவைப் பூட்டி, நாற்காலியை முட்டுக் கொடுத்து, அப்புறமும் படுக்கையில் உட்கார்ந்தே இருப்பாள். டீ குடிக்கப் போன நான் பேச்சு சுவாரசியத்தில் அங்கேயே உட்கார்ந்துவிட்ட நேரத்தில் நடந்தது அது, அவள் ஒரு நாளும் அதைச் சொல்லிக் காட்டியதில்லை, சொல்லிக் காட்டியிருந்தால் தேவலை. அப்போதுதான் நம் தெரு வியாபாரிகள் சங்கத்தில் துப்பாக்கிப் பேச்சு சூடு பிடித்தது. இரும்புக் கடைக்காரர்தான் தலைவர், நீ சின்ன வயதில் சுத்தியல் மாமா என்று கூப்பிடுவாயே அவரேதான், போலீஸ் வந்து சேர்வதற்குள் எல்லாம் முடிந்துவிடுகிறது, நம்மை நாம்தான் காப்பாற்றிக்கொள்ள வேண்டும் என்று மேஜையைத் தட்டினார். பேக்கரிக்கார அம்மா எதிர்த்துப் பேசினாள், கடைக்குக் கம்பிக்கதவு போடுங்கள், மணி வையுங்கள், என் பிள்ளைகள் ஓடி விளையாடுகிற இடத்தில் துப்பாக்கி வேண்டாம் என்றாள். நான் சுத்தியல் பக்கம் சாய்ந்தேன். உன்னிடம் சொன்னபோது நீ சொன்னது ஒரு எழுத்து மாறாமல் ஞாபகம் இருக்கிறது, "துப்பாக்கி வாங்கினா பயம் வெளியே போகாதுப்பா, அதுவும் உள்ள வந்து உக்காந்துக்கும்" என்றாய். தூரத்தில் இருந்துகொண்டு புத்தி சொல்வது சுலபம், அம்மா கீழே விழுந்து கிடந்தபோது வந்து தூக்கியவள் மாதிரிப் பேசாதே என்று நான் வெடுக்கென்று சொல்லிவிட்டேன். நீ அதற்குப் பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. உன்னால் வர முடியாமல் போன காரணம் எனக்குத் தெரியாதா, பேத்தி வயிற்றில் இருந்தாள். தெரிந்தேதான் சொன்னேன்.

லைசென்ஸ் வாங்கினேன், பயிற்சிக்குப் போனேன், அங்கே குறி வைத்தால் குறி தப்பாது, சொல்லிக் கொடுத்தவர் கண்ணாடிக் கடைக்காரர் கண் கண்தான் என்று முதுகில் தட்டினார். எனக்குத் தலைகால் புரியவில்லை. அங்கே நான் கண்ணாடி போட்டுக்கொண்டு சுட்டேன் என்பது அவருக்கும் தோன்றவில்லை, எனக்கும் தோன்றவில்லை. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு ஷட்டரை முக்கால்வாசி இறக்கிவிட்டு, கண்ணாடியைக் கழற்றி டிராயரில் வைத்துவிட்டு, கண் பரிசோதனை நாற்காலியைச் சாய்த்து ஒரு தூக்கம் போடுவேனே, அது உனக்குத் தெரிந்த வழக்கம். தெரியாத இன்னொரு வழக்கம் உண்டு. லென்ஸ் கொண்டுவந்து போடுகிறவர் ஒருவர், நாங்கள் லென்ஸ்காரர் என்றுதான் சொல்வோம், அவர் வருகிற நேரமும் அதுதான். ஷட்டரைத் தட்டித் தூக்கத்தைக் கெடுக்கிறார் என்று நானே அவரிடம், இனிமேல் தட்டாதீர்கள், குனிந்து உள்ளே வந்து சத்தம் போடாமல் டப்பாவை வைத்துவிட்டுப் போங்கள் என்று சொல்லி வைத்திருந்தேன். பல வருஷமாக அப்படித்தான். பூனை மாதிரி வருவார், போவார். துப்பாக்கி வாங்கிய பிறகு அதை மாற்ற வேண்டும் என்று என் மண்டையில் ஏறவில்லை. அன்றைக்கு நல்ல மழை. மற்ற நாளில் ஹெல்மெட்டை வண்டியில் மாட்டிவிட்டு வருகிறவர் அன்றைக்கு ஹெல்மெட்டும் மழைக்கோட்டுமாகவே குனிந்து வந்திருக்கிறார். நான் கண் விழித்தபோது கருப்பாக ஒரு உருவம் என் பக்கம் கையை நீட்டிக்கொண்டு நிற்கிறது, முகம் இல்லை. டிராயரைத் திறந்தேன். கண்ணாடியும் துப்பாக்கியும் பக்கத்தில் பக்கத்தில்தான் இருந்தன, என் கை எதை எடுத்தது என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

குண்டு அவர் காதை ஒட்டிப் போய்ப் பெரிய நிலைக்கண்ணாடியில் பாய்ந்தது. அவர் சரிந்து விழுந்து, எழுந்து, ஷட்டர் விளிம்பில் தோள்பட்டையை மோதிக்கொண்டு ஓடினார். அந்த நிமிஷம் திருடன் என்றுதான் சத்தியமாக நினைத்தேன், போலீசிடமும் நினைத்ததைத்தான் சொன்னேன். எழுதிக்கொண்டார்கள், தற்காப்பு, உங்கள் மேல் ஒன்றும் வராது என்று கைகொடுத்துவிட்டுப் போனார்கள். எல்லோரும் போன பிறகு உடைசலைக் கூட்டும்போது நாற்காலிக்கு அடியில் லென்ஸ் டப்பா கிடந்தது. வந்தவர் யார் என்று அப்போதுதான் புரிந்தது. அப்போதே போலீசுக்குப் போன் செய்திருந்தால் கை தவறிய கிழவன் என்று திட்டோடு போயிருக்கும். நான் என்ன செய்தேன் தெரியுமா, அந்த லென்ஸை எடுத்து பிரேமில் பூட்டி, பொறுமையாகத் துடைத்து, மறுநாள் அதற்குரிய ரிட்டயர்டு வாத்தியாருக்கு மாட்டிவிட்டு, இப்போது பளிச்சென்று தெரிகிறதா சார் என்று கேட்டேன். ரொம்பத் தெளிவாகத் தெரிகிறது என்றார். அவர் போனதும் பின்கட்டுக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். ஆனாலும் வாயைத் திறக்கவில்லை.

அதற்கப்புறம் நான் தெருவில் நடக்க முடியவில்லை, பார்க்கிறவன் எல்லாம் கைகொடுக்கிறான். சுத்தியல் சங்கக் கூட்டத்தில் என்னை நடுவில் உட்கார வைத்து, இவர் கையில் அன்றைக்குத் துப்பாக்கி இல்லாமல் இருந்திருந்தால் இன்றைக்கு இவர் போட்டோவைத்தான் பார்த்துக்கொண்டிருப்போம் என்றார். நான் தலையைக் குனிந்துகொண்டேன், அதை அடக்கம் என்று எடுத்துக்கொண்டார்கள். சிலர் அங்கேயே லைசென்ஸ் விவரம் கேட்டார்கள். கடைசியாக எழுந்தவள் பேக்கரிக்கார அம்மா. நான் பேசியது தப்புதான், எனக்கும் வாங்கித் தர ஏற்பாடு செய்யுங்கள் என்று என்னைப் பார்த்தே சொன்னாள். அவளுடைய சின்னவன் எதைக் கண்டாலும் எடுத்து ஆராய்கிறவன். அந்தக் கடையில், மாவு டப்பாக்களுக்கு நடுவில், என் பொய்யை நம்பி ஒரு துப்பாக்கி வந்து உட்காரப்போகிறது. அன்றைக்கும் நான் மென்று விழுங்கிவிட்டு டீ குடித்துவிட்டு வந்தேன். அம்மாவோ அந்தத் துப்பாக்கி வந்த நாளிலிருந்து நாற்காலியை முட்டுக் கொடுப்பதில்லை, படுத்ததும் குறட்டை விடுகிறாள். அந்தத் தூக்கத்தைக் கெடுக்கக் கூடாது என்றுதான் சும்மா இருக்கிறேன் என்று எனக்கு நானே பூசி மெழுகிக்கொண்டிருந்தேன், பாதி உண்மை, பாதி என் பேர் கெட்டுவிடுமே என்ற பயம்.

லென்ஸ் கொண்டுவர வேறு ஆள் வந்துவிட்டார். பழையவர் வேலையை விட்டுவிட்டார், வீட்டைவிட்டு வெளியே வருவதில்லை என்றார். விலாசம் கேட்டு வாங்கிக்கொண்டு இன்று மத்தியானம் போனேன். மாடியில் ஒற்றை அறை, கயிற்றில் ஈரத்துணி, ஒரு பெண் குழந்தை தரையில் படம் வரைந்துகொண்டிருந்தது. அவர் வீட்டுக்காரி என்னைப் பார்த்ததும் குழந்தையை இழுத்து மடியில் வைத்துக்கொண்டாள். அவர் ஒரு கையைக் கழுத்தோடு கட்டித் தொங்கவிட்டிருந்தார், ஆஸ்பத்திரிக்குப் போனால் எப்படி அடிபட்டது என்று கேட்பார்களே என்று வீட்டிலேயே துணி கட்டிக்கொண்டிருக்கிறார். கருப்பு ஹெல்மெட் போட்ட ஆளைத் தேடுகிறார்கள் என்று அவர் காதுக்கும் போயிருக்கிறது. நான் மன்னிப்புக் கேட்க வாயெடுப்பதற்குள் அவர் எழுந்து நின்று, "தப்பு என் மேலதான் சார், ஹெல்மெட்டைக் கழட்டிட்டு வந்திருக்கணும். போலீஸ்ல மட்டும் என் பேரைச் சொல்லிடாதீங்க" என்றார். அந்த மனுஷன் நான் சொன்னபடி சத்தமில்லாமல் வந்ததைத் தவிர ஒரு குற்றமும் செய்யவில்லை, அவர் என்னிடம் கெஞ்சுகிறார். நான் மன்னிப்புக் கேட்கவில்லை, தோள் வலி எப்படி இருக்கிறது என்று மட்டும் கேட்டேன். கேட்டுவிட்டுப் படியிறங்கி வந்துவிட்டேன். இவ்வளவு கேவலமானவனா நான் என்று எனக்கே புதிதாகத் தெரிந்தது.

இதுவரை நேற்று சாயங்காலம் கடையில் உட்கார்ந்து எழுதியது, இனி எழுதுவது இன்று காலை. டீ குடிக்கும்போது அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கத்துவாள், அழுவாள், யாருக்கும் தெரியாதவரை விடுங்கள் என்றாவது சொல்வாள் என்று நினைத்தேன், அந்தக் கடைசியைத்தான் எதிர்பார்த்தேன் என்றும் எழுதிவிடுகிறேன். அவள் டம்ளரைக் கீழே வைத்தாள். அப்புறம், "அவரு சம்சாரம் எப்படித் தூங்குதாம்?" என்று கேட்டாள். முதலில் ஸ்டேஷன், அங்கேயே துப்பாக்கியையும் ஒப்படைத்துவிடுகிறேன் என்றேன், அவளுக்கு முகம் வெளுத்தது, வேண்டாம் என்று சொல்லவில்லை. அங்கிருந்து நேரே அந்த மாடி வீடு, அவரை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போக வேண்டும், நேற்று கேட்காததை இன்றைக்கு அந்தக் குழந்தை முன்னாலேயே கேட்க வேண்டும். சாயங்காலம் சங்கக் கூட்டம். துப்பாக்கியே கூடாது என்று நான் அங்கே பிரசங்கம் செய்யப் போவதில்லை, அம்மாவைத் தள்ளிய அந்த இரண்டு பேரும் நிஜம், அவள் முறிந்த கையும் நிஜம், அதற்கு என்ன வழி என்று எனக்கு இன்றும் தெரியவில்லை. நடந்தது இதுதான் என்று மட்டும் பேக்கரிக்கார அம்மாவின் முகத்தைப் பார்த்துச் சொல்லிவிடுவேன். அப்புறம் அவரவர் முடிவு. என் மேல் வழக்கு வரலாம், கடைக்கு ஆள் வராமல் போகலாம், நீ பதறிப் புறப்பட்டு வராதே.

தூரத்தில் இருக்கிறாய் என்று சொல்லி உன் வாயை அடைத்தேனே, அதை மனதில் வைத்துக்கொள்ளாதே கண்ணு, வைத்துக்கொண்டாலும் நான் வாங்கிக்கொள்ள வேண்டியதுதான். இனிமேல் எனக்குப் பிடிக்காததையும் கொஞ்சம் உரக்கவே சொல். நீங்கள் மூவரும் நிறைந்த ஆயுசோடும் கலையாத தூக்கத்தோடும் நன்றாக இருக்க வேண்டும், பேத்திக்கு என் முத்தம். மாப்பிள்ளை கண் விஷயத்தை மறந்துவிடாதே. இன்னும் எழுதலாம் என்றுதான் இருக்கிறது, ஆனால் உன் அம்மா செருப்பை மாட்டிக்கொண்டு வாசலில் நிற்கிறாள். நான் மட்டும் போய் வருகிறேன், நீ வீட்டில் இரு என்றேன். நீங்க வழியில டீ குடிக்க உக்காந்துடுவீங்க, நான் கூட வரேன் என்கிறாள்.

என்றும் உன் நலம் நாடும்,
உன் அப்பா