ஒன்பதாவது கட்டம்

பிப்ரவரி 2

அன்புள்ள அடிஸ்கேலுக்கு,

இங்கே நான் நலம். இடது முழங்கால் மட்டும் மாடிப்படியைக் கண்டால் முறைக்கிறது. நீ நலமாகத்தான் இருப்பாய். நலமில்லை என்றால் நில அளவை அலுவலகத்து வரைவாளருக்கே உரிய முறையில் இத்தனை அங்குலம் நலமில்லை என்று அளந்தே எழுதியிருப்பாய்.

எங்கள் மதிப்பீட்டுப் பிரிவில் பருவம் தொடங்கிவிட்டது. நாலு லட்சம் அரசு ஊழியர்களுக்கு ஏப்ரலிலிருந்து எத்தனை சதவீதம் ஊதிய உயர்வு கொடுக்கலாம், கொடுத்தால் கஜானா தாங்குமா என்று இந்த மாதத்துக்குள் சொல்லியாக வேண்டும். கடை விலை எவ்வளவு ஏறியது, எத்தனை பேர் ஓய்வு பெறுகிறார்கள், எத்தனை பேர் புதிதாக வருகிறார்கள் என்ற முழுக் கணக்கும் கைக்கு வர ஆறு மாதம் ஆகும். அதுவரை காத்திருந்தால் நடக்குமா? ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பார்கள். நான் மூடியைத் திறக்காமலே பதம் சொல்வேன். அங்கேயும் இங்கேயுமாகப் பதினெட்டு ஆண்டுகளில் அரை சதவீதத்துக்கு மேல் ஒருமுறைகூடத் தவறியதில்லை. அதனால்தான் அலுவலகம் முழுக்க என்னை இன்னும் 'அரை சதவீதம்' என்று கூப்பிடுகிறது.

இந்த முறை ஒரு புது வேலை. வீட்டு வாடகைப்படியும் உயர்கிறது. கணவன், மனைவி இருவரும் அரசு வேலையில் இருந்து ஒரே வீட்டில் வசித்தால் ஒருவருக்குத்தான் வாடகைப்படி என்பது உனக்குத் தெரியும். அப்படி எத்தனை ஜோடி இருக்கிறது என்று எண்ண வேண்டும். இதுவரை அதிகச் சம்பளக்காரர் மட்டும் படிவம் கொடுத்தால் போதும். இந்த ஆண்டு இருவரும் தனித்தனியாகக் கொடுக்க வேண்டும். ஒன்பதாவது கட்டத்தில்தான் அந்தக் கேள்வி இருக்கிறது: 'இருவரும் ஒரே வீட்டில் வசிக்கிறீர்களா?' நான் வழக்கம்போல் நிரப்பிக் கொடுத்துவிட்டேன். நீயும் நிரப்பி அனுப்பு. படிவங்கள் வருவதற்கு முன்பே எண்ணிக்கையை எழுதி மேசையில் பூட்டியாயிற்று.

சரி, நம் பந்தயம். இந்த ஆண்டு உயர்வு நான்கு சதவீதம் என்கிறேன் நான். நீ எத்தனை என்கிறாய்? தோற்றவர் ஒரு மாதம் காலை டீ போட வேண்டும். நான்கு ஆண்டாகத் தோற்றிருக்கிறாய். நான்கு மாத டீ நிலுவையில் நிற்பதை நினைவுபடுத்துகிறேன்.

அன்புடன்,
அரை சதவீதம்


பிப்ரவரி 9

மதிப்புக்குரிய அரை சதவீதம் அவர்களுக்கு,

முழங்காலை நான் விசாரித்ததாகச் சொல்லுங்கள். மாடிப்படியில் மெதுவாக ஏறினால் மதிப்பீடு ஒன்றும் ஓடிவிடாது.

மகள் போன வாரம் பேசினாள். "ஏம்மா, இந்தக் காலத்துல யாராவது கடுதாசி எழுதுவாங்களா? ரெண்டு பேரும் போன்ல பேசிக்கக் கூடாதா?" என்றாள். போனில் பேசினால் என் பதிலையும் நீங்களே சொல்லி முடித்துவிடுகிறீர்கள் என்பது, கல்யாணமாகிப் போன பெண்ணுக்கு மறந்துவிட்டது. காகிதத்தில்தான் எனக்குப் பாதி இடம் கிடைக்கிறது.

வீட்டுக்காரம்மா வாடகையை ஏற்றிவிட்டார். "அரசாங்கம் உங்களுக்கு ஏத்தப் போகுதாமே, அதுல கொஞ்சம் இந்தப் பக்கம் தள்ளுங்கம்மா" என்றார். அவர் மதிப்பீடு உங்களுடையதைவிட வேகம். நீங்கள் இன்னும் மேசையில் பூட்டி வைத்திருக்கிறீர்கள், அவர் வசூலுக்கே வந்துவிட்டார். சமையலறைக் குழாய் மட்டும் சொட்டிக்கொண்டே இருக்கிறது. அதற்கு உயர்வு கிடையாதாம்.

அலுவலகத்தில் நேற்று ஒரே கூத்து. ஒருவர் வரைபடத்தைத் தூக்கிக்கொண்டு வந்து, "இதோ பாருங்க, என் சுவரு படத்துலயே இருக்கு. பக்கத்து வீட்டுக்காரன் இல்லைங்கிறான்" என்று சத்தம் போட்டார். பார்த்தால் புள்ளிக்கோடு. "அய்யா, அழுத்திப் போட்ட கோடுன்னா கட்டியாச்சுன்னு அர்த்தம். புள்ளிக்கோடுன்னா கட்டப் போறாங்கன்னுதான் அர்த்தம். நீங்க இன்னும் கட்டவே இல்லையே" என்றேன். "கட்டணும்னு நினைச்சது நிஜம்தானேம்மா" என்கிறார். சிரிப்பு வந்துவிட்டது. எனக்குத் தெரிந்த ஒருவர் ஞாபகம் வந்தது.

என் எண் மூன்றரை. கேள்வித்தாளைத் தயாரித்தவரே தேர்வையும் எழுதி, முதல் மாணவன் நானே என்று மார்தட்டுகிற இந்தப் பந்தயத்தில் நான் இன்னும் கலந்துகொள்வது என் பெருந்தன்மை.

படிவம் என் மேசையில் இருக்கிறது. எட்டுக் கட்டங்கள் முடிந்தன.

இப்படிக்கு,
அடிஸ்கேல்


பிப்ரவரி 20

அன்புள்ள அடிஸ்கேலுக்கு,

கையைக் கொடு! படிவங்கள் வந்து சேர்ந்துவிட்டன. ஒரே வீட்டில் வசிக்கும் ஜோடிகள் பதினெட்டாயிரம் என்று பூட்டி வைத்திருந்தேன். வந்தது பதினெட்டாயிரத்துப் பதினொன்று. இயக்குநர் என் மேசைக்கே வந்து, "எப்படிய்யா இது, கூரை கூரையா ஏறிப் பாத்தியா?" என்று கேட்டார். நான் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டேன். அடக்கம் என்றால் அப்போது அதைத்தான் செய்ய வேண்டும்.

ஒரே ஒரு படிவம்தான் எந்த அடுக்கிலும் சேராமல் நிற்கிறது. பக்கத்து மேசைக்காரர் கையில் தூக்கிப் பிடித்து, "யாரு இந்தம்மா? எல்லாத்தையும் அச்சடிச்ச மாதிரி எழுதிட்டு ஒன்பதாவதை மட்டும் காலியா விட்டிருக்காங்க" என்று எல்லாருக்கும் கேட்கிறாற்போலச் சொன்னார். எழுத்தைப் பார்த்ததுமே எனக்குத் தெரிந்துவிட்டது. வாங்கிப் பையில் வைத்துக்கொண்டேன்.

நீ மறக்கிற ஆள் இல்லை. வேலை அவசரத்தில் விட்டுப் போயிருக்கும். மார்ச் பத்து வரை திருத்தம் செய்யலாம். படிவத்தை இத்துடன் வைத்திருக்கிறேன். 'ஆம்' என்று ஒரு சொல் எழுதி அனுப்பிவிடு. என்னுடையதில் அப்படித்தான் இருக்கிறது. இரண்டும் பொருந்த வேண்டும்.

அன்புடன்,
அரை சதவீதம்


பிப்ரவரி 27

உங்களுக்கு,

விட்டுப் போகவில்லை. விட்டேன்.

நான்கு ஆண்டுகளாக எனக்கு வாடகைப்படி வருவதில்லை. ஒருநாளாவது அது உங்களுக்குத் தோன்றியதா? நாலு லட்சம் பேருடைய வாடகையை எண்ணுகிற மனிதர் நீங்கள். நீங்கள் தலைநகரில் 'ஆம்' என்று எழுதினீர்கள். அதை வைத்து இங்கே எனக்கு நிறுத்திவிட்டார்கள். உங்களோடு ஒரே வீட்டில் வசிக்கும் பெண்ணாக, இங்கே தனி வீட்டுக்குச் சம்பளத்திலிருந்து வாடகை கொடுத்துக்கொண்டிருக்கிறேன்.

முதல் ஆண்டே கணக்குப் பிரிவுக்குப் போனேன். அங்கிருந்த அம்மா நல்லவர். "இதுல என்னம்மா இருக்கு? ஒரே வீட்டுல இல்லைன்னு ஒரு வரி எழுதிக் கொடுங்க. அடுத்த மாசமே வந்துடும்" என்று பேனாவையும் கொடுத்தார். வாங்கினேன். எழுத வரவில்லை. பேனா சரியில்லை என்று சொல்லிவிட்டு வந்தேன். அடுத்த ஆண்டும் போனேன். அப்போது பேனா நன்றாகத்தான் இருந்தது.

பணத்துக்காக இதைச் சொல்லவில்லை. சரி, கொஞ்சம் பணத்துக்காகவும்தான். ஆனால் எனக்கு வலிக்கிற இடம் வேறு. உங்களுக்குப் பதவி உயர்வு வந்தபோது, என் இடமாற்ற விண்ணப்பத்தை நீங்களே நிரப்பி, 'மனைவிக்குச் சம்மதம்' என்று நீங்களே எழுதி மேலே அனுப்பிவிட்டீர்கள். என் கண்காணிப்பாளர், "எப்பம்மா கிளம்புறீங்க?" என்று கேட்டபோதுதான் எனக்கே விஷயம் தெரிந்தது. எல்லார் முன்னாலும் நான் விழித்த விழி எனக்கு இன்றும் மறக்கவில்லை. கேட்டிருந்தால் வந்திருப்பேனோ என்னவோ. நீங்கள் கேட்கவில்லை. நான் என்ன சொல்வேன் என்று மதிப்பிட்டீர்கள். விண்ணப்பத்தைத் திரும்பப் பெற்றேன். நீங்கள் போனீர்கள். அன்றிலிருந்து நாம் முழங்காலையும் குழாயையும் பற்றி எழுதிக்கொண்டிருக்கிறோம்.

இப்போது மறுபடியும் 'ஆம்' என்று எழுதச் சொல்கிறீர்கள். இருபத்திரண்டு ஆண்டு வேலையில், இல்லாத சுவரை நான் வரைந்ததில்லை. மார்ச் பத்துக்குள் உண்மையை எழுதிக் கொடுப்பேன். அதனால் உங்கள் படிவம் பொய் என்றாகும், உங்களுக்குத் தண்டனை வரும் என்று தெரியும். அதை நினைத்து மூன்று நாள் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. ஆனாலும் எழுதுவேன்.

இப்படிக்கு,
நான்


மார்ச் 5

அன்புள்ளவளுக்கு,

உன் கடிதத்தை நேற்று காலை பேருந்தில் படித்தேன். இறங்க வேண்டிய நிறுத்தத்தை விட்டுவிட்டேன். அடுத்ததையும் விட்டேன்.

அலுவலகத்துக்கு நடந்து வந்து, நேராக இயக்குநர் அறைக்குப் போய், நான்கு ஆண்டாக நான் கொடுத்த படிவம் பொய் என்று எழுதிக் கொடுத்தேன். உன் படிவம் வந்து நான் மாட்டிக்கொண்டேன் என்று இருக்கக் கூடாது. அவர் இரண்டு முறை படித்தார். "ரெண்டு பேரும் தனித்தனி வீட்டுல இருந்தா ரெண்டு பேருக்குமே படி உண்டே! அரசாங்கத்துக்கு லாபம் பண்ணிக் கொடுத்து மாட்டிக்கிட்ட முதல் ஆளு நீதான்யா" என்று தலையில் அடித்துக்கொண்டார். சிரித்தார்தான். ஆனால் பொய் பொய்தானே. எனக்கு இந்த ஆண்டு ஊதிய உயர்வு நிறுத்தம். உனக்கு நான்கு ஆண்டு வாடகைப்படியும் சேர்த்து வரும். நீ 'இல்லை' என்றே எழுது. பயப்படாதே.

ஏன் 'ஆம்' என்று எழுதினேன் என்று நீ கேட்கவில்லை. சொல்லிவிடுகிறேன். முதல் ஆண்டு, அடுத்த மாதமே நீ வந்துவிடுவாய் என்று மதிப்பிட்டேன். இரண்டாம் ஆண்டு, ஆறு மாதம் என்று மதிப்பிட்டேன். அதற்கப்புறம் மதிப்பீடெல்லாம் இல்லை. 'இல்லை' என்று எழுத எனக்கும் கை வரவில்லை, அவ்வளவுதான். உனக்கு அதனால் என்ன நிற்கும் என்று யோசிக்கவே இல்லை. அந்த விண்ணப்பத்துக்கும் இதற்கும் சேர்த்து மன்னித்துக்கொள். அப்போதே கேட்டிருக்க வேண்டிய மன்னிப்பு.

உங்கள் ஊர்க் கருவூலத்தில் ஓர் இடம் காலியாக இருக்கிறது. பதவி ஒரு படி குறைவு. மதிப்பீட்டு வேலை இல்லை, வந்ததை வந்தபடி எழுதும் வேலை. விண்ணப்பம் என் மேசையில் இருக்கிறது. நிரப்பிவிட்டேன், கையெழுத்துப் போடவில்லை.

வரட்டுமா?

நீ என்ன சொல்வாய் என்று எனக்குத் தெரியவில்லை. உன் பதிலுக்குக் காத்திருக்கிறேன்.

உன் கணவன்


மார்ச் 17

அன்புள்ளவளுக்கு,

நேற்று அறிவிப்பு வந்துவிட்டது. நான்கு சதவீதம். நான் சொன்ன அதே நான்கு, அரைகூட இப்படி அப்படி இல்லை. பிரிவே எழுந்து நின்று கைதட்டியது. பக்கத்து மேசைக்காரர், "உங்களுக்கே கிடைக்காத உயர்வை இவ்வளவு கச்சிதமா சொல்லிட்டீங்களே சார்" என்றார். சேர்ந்து சிரித்தேன்.

உன் படிவம் வந்து சேர்ந்தது. அடுக்கில் சேர்த்தாயிற்று. கடிதம்தான் வரவில்லை. நாலு லட்சம் பேர் விஷயத்தில் தவறாதவன், தினமும் தபால்காரர் வரும் நேரத்துக்கு வாசலில் போய் நிற்கிறேன். விண்ணப்பம் இன்னும் மேசையில்தான் இருக்கிறது. கையெழுத்துப் போடவில்லை. போடவும் மாட்டேன், நீ சொல்லும் வரை.

உன் கணவன்


மார்ச் 21

மதிப்புக்குரிய அரை சதவீதம் அவர்களுக்கு,

தாமதத்துக்குக் காரணம் இருக்கிறது. ஒரு வேலையை மூன்று முறை அளக்காமல் நான் அனுப்புவதில்லை என்பது உங்களுக்குத் தெரியும்.

பத்தாம் தேதி 'இல்லை' என்று எழுதிக் கொடுத்தேன். நான்கு ஆண்டாக வராத கை அன்றைக்கு வந்தது. நீங்கள் கேட்ட கேள்வி பையில் இருந்தது, அதனால்தான். வீட்டுக்கு வந்து நன்றாக அழுதேன். பிறகு முகம் கழுவிக்கொண்டு வீட்டுக்காரம்மாவிடம் பேசப் போனேன். "இன்னொரு ஆளா? வாடகையை இன்னும் கொஞ்சம்..." என்று ஆரம்பித்தார். "குழாயை முதல்ல சரி பண்ணுங்க, அப்புறம் பேசலாம்" என்றேன். மறுநாளே குழாய்க்காரரை அனுப்பிவிட்டார். இப்போது சொட்டுவதில்லை.

நாலு லட்சம் பேருக்கு நான்கு, சொன்னவருக்குச் சுழி. நியாயம்தான். இருந்தாலும் இயக்குநர் அறைக்கு நீங்களாகவே போனதைப் படித்தபோது, பேருந்தில் இரண்டு நிறுத்தம் விட்ட அந்த மனிதரைப் பார்க்க வேண்டும்போல் இருந்தது. பந்தயத்தில் நான் மறுபடியும் தோற்றேன். ஆக ஐந்து மாத டீ. அதைத் தபாலில் அனுப்ப வழியில்லை.

இத்துடன் என் வீட்டின் வரைபடம் இருக்கிறது. அளவுகள் சரியானவை. முன்னறை பத்துக்குப் பன்னிரண்டு அடி, இத்தனை நாள் சும்மாதான் கிடந்தது. ஜன்னலோரம் உங்கள் மேசை. அதற்குப் பக்கத்தில் நாற்காலி, முழங்கால் இடிக்காதபடி ஒன்றரை அடி இடம் விட்டிருக்கிறேன். மாடிப்படி கிடையாது. மேசையை ஓர் அங்குலம் நகர்த்துவதானாலும் என்னைக் கேட்க வேண்டும்.

மற்றதையெல்லாம் அழுத்தி வரைந்துவிட்டேன். மேசையும் நாற்காலியும் புள்ளிக்கோட்டில் இருக்கின்றன. கையெழுத்தைப் போட்டுவிட்டுப் புறப்பட்டு வாருங்கள். நீங்கள் உட்கார்ந்த பிறகு மை போட்டுக்கொள்கிறேன்.

உங்கள்
அடிஸ்கேல்