அவள் சாகவில்லை என்று சொன்னது நான்

சனிக்கிழமை

திருப்பதி பஸ் ஸ்டாண்டில் காலேஜ் பசங்கள் சிலர் என் நண்பன் சுதாகரைச் சூழ்ந்துகொண்டார்கள். "அண்ணா, அந்தக் கொலைகாரி வர்ற மாங்கா, அந்த ஜப்பான் காமிக்ஸ், ரெண்டாம் பாகம் நிஜமாவே வருதா?"

"வராம இன்னா? அவ சாகவே இல்லபா. கடைசியில பாரு, சமாதியக் காட்டிட்டு அப்புறம் அவ கதவத் தொறக்கறா."

பக்கத்திலேயே நின்றேன். அவள் சாகவில்லை என்று கண்டுபிடித்தவன் நான். நகரி பஸ்ஸில் ஆசையாக அவனிடம் சொன்னேன். அவன் தெலுங்கில் வீடியோ போட்டுப் பேர் வாங்கிவிட்டான். என் பேச்சே அதில் இல்லை.

"இன்னாடா, மூஞ்சத் தூக்கி வெச்சிக்கினு கீற?" என்றான். தலைவலி என்றேன்.

வீட்டுக்கு வந்து, துணிக்கு அடியில் ஒளித்து வைத்திருக்கும் அந்தப் புத்தகத்தை எடுத்தேன். கடைசி இரண்டு பக்கங்களும் எதிரெதிரே இருக்கின்றன. மாங்காவை வலது பக்கத்திலிருந்து படிக்க வேண்டும். போனில் ஒவ்வொரு பக்கமாகத் தள்ளிப் பழகிய நான், இங்கே மட்டும் தமிழ்ப் புத்தகம் மாதிரி இடது பக்கத்தை முதலில் படித்திருக்கிறேன். முதலில் கதவு, பிறகுதான் சமாதி. அவள் செத்துத்தான் போனாள்.

சுதாகரிடம் சொல்லவில்லை. சொல்லவும் மாட்டேன். தப்புக்கூட என்னுடையதுதான், அதற்கும் கைதட்டல் அவனுக்கு.