நல்லூர்ப் படத்தில் சுரண்டிய இடம்

நானா,

தகரக் குழாயின் மூடியைத் திறந்ததும் முதலில் வந்தது பூச்சி உருண்டை மணம். அதற்குப் பின்னால் உங்களுடைய மை மணமும் வந்தது. இத்தனை வருடம் கழித்து மை மணக்குமா என்று என் மனைவி கேட்கிறாள். எனக்கு மணந்தது, நான் என்ன செய்ய? நீங்கள் கீறிய நல்லூர் வரைபடத்தைச் சாப்பாட்டு மேசையில் விரித்து, சுருளாமல் நாலு மூலைக்கும் நாலு புத்தகம் வைத்துவிட்டு, அதைப் பார்த்துப் பார்த்துத்தான் இதை எழுதத் தொடங்கினேன்.

போன மாதம் உங்கள் மகள் புத்தளத்திலிருந்து தொலைபேசியில் பேசினாள். உங்களுடைய நாற்பதாம் நாள் கத்தம் ஓதி முடிந்துவிட்டது என்றாள். பிறகு கேட்டாள்:

"மாஸ்டர் மாமா, வாப்பா கீறின நல்லூர்ப் படம் உங்களிட்டைதானே இருக்கு? பிள்ளையளுக்குக் காட்டவேணும். எங்கடை ஆக்கள் இருந்த இடத்தையும் வாப்பா அதிலை குறிச்சவராம்."

"ஓம் பிள்ளை, இருக்கு. அனுப்பிவிடுறன்" என்றேன்.

படம் இருக்கிறது. அவள் கேட்ட குறி அதில் இல்லை. அது ஏன் இல்லை என்பது எனக்குத் தெரியும். உங்களுக்கும் தெரிந்திருந்தது என்றுதான் நினைக்கிறேன். நாம் இரண்டு பேரும் அதைப் பற்றி ஒருநாளும் நேராகக் கதைக்கவில்லை. இப்போது நீங்கள் இல்லாத நேரத்தில் எனக்கு வாய் வருகிறது. வெட்கம் கெட்ட வாய்.

அண்ணன் முறையாக நான் நானா என்று கூப்பிட்ட நீங்கள் நில அளவைக் கந்தோரில் படவரைஞர். நான் சரித்திரம் படிப்பிக்கிற வாத்தியார். எங்கள் வாசிகசாலையின் பொன்விழா மலருக்கு நல்லூர் இராசதானியைப் பற்றி நான் கட்டுரை எழுத, நீங்கள் படம் கீற ஒப்புக்கொண்டீர்கள். இந்திய இராணுவம் சந்திக்குச் சந்தி நின்ற காலம் அது. அளவு நாடாவோடு திரிந்தால் பிடித்துக்கொண்டு போய்விடுவார்கள் என்பதால், நீங்கள் கவடு எண்ணி அளந்தீர்கள். ஒரு கவடு இரண்டரை அடி, கூடாது குறையாது. நான் சைக்கிளை உருட்டிக்கொண்டு பின்னால் வர, நீங்கள் வாய்க்குள் எண்ணிக்கொண்டே நடப்பீர்கள். இடையில் யாராவது சலாம் சொன்னால் கையை மட்டும் உயர்த்துவீர்கள், எண்ணிக்கை தப்பக்கூடாதென்று.

அரசர்கள் நகரத்தின் நாலு திக்கிலும் காவலுக்கு நாலு கோயில் வைத்தார்கள் என்று பழைய ஏட்டில் இருப்பதை நான் வாசித்துக் காட்டுவேன். நீங்கள் நடந்து பார்த்துவிட்டு வந்து சிரிப்பீர்கள்.

"மாஸ்டர், உங்கடை ஏட்டிலை உள்ள தூரத்துக்கு ராசா நடந்துதான் போனவரோ, இல்லாட்டிப் பறந்தவரோ? நான் நடந்தால் பாதிதான் வருது."

ஏட்டை எழுதின புலவனை விட உங்கள் காலைத்தான் நான் நம்பினேன். படம் அப்படித்தான் வளர்ந்தது. நாலு கோயில். அரண்மனை இருந்த தோப்பு. யமுனாரிக் கேணி. தெற்கிலிருந்து படையோடு வந்து நகரைப் பிடித்த இளவரசனுக்கு ஒரு அம்புக்குறி. அவன் பெயரை இன்றைக்கும் கோயிலில் கட்டியத்தில் சொல்கிறார்கள் என்று நான் சொன்னபோது, "பிடிச்சவனுக்கும் கட்டியம் சொல்லுற ஊர். பெரிய மனசுதான்" என்றீர்கள். போர்த்துக்கேயர் வந்த வழிக்கு இன்னொரு அம்பு. அவர்கள் இடித்த கோயிலின் கற்களைக் கோட்டை கட்டக் கொண்டுபோன பாதைக்குப் புள்ளிக்கோடு. பழைய கோயில் இருந்த மண்ணில் இப்போது நிற்கிற தேவாலயத்துக்கு ஒரு சிலுவை. ஒல்லாந்தர் காலத்தில் திரும்பவும் எழும்பிய கோயிலுக்கு ஒரு கோபுரம். ஒரு சின்ன ஊரில் இத்தனை பேர் வந்து, ஒருவர் கும்பிட்டதை மற்றவர் இடித்து, இடித்த கல்லிலே இன்னொன்றைக் கட்டியிருக்கிறார்கள். எல்லாவற்றுக்கும் உங்கள் தாளில் இடம் இருந்தது.

அப்போதுதான் நான் கேட்டேன். இப்போதைய கோயில் இருக்கிற பக்கத்தில் ஒருகாலம் உங்கள் முஸ்லிம் ஆட்கள் குடியிருந்ததும், பள்ளிவாசலும் கிணறும் ஒரு பெரியவரின் அடக்கத்தலமும் அங்கே இருந்ததும், பிறகு அவர்களை அங்கிருந்து கிளப்பியதும் ஏட்டிலும் உண்டு, வாய்ப்பேச்சிலும் உண்டு. அதை ஏன் விட்டீர்கள் என்று கேட்டேன்.

"வேண்டாம் மாஸ்டர். வில்லங்கம்" என்றீர்கள்.

"என்ன வில்லங்கம்? இடிச்சவனுக்கு அம்பு போட்டிருக்கிறியள். குடியிருந்த ஆக்களுக்கு ஒரு புள்ளி போடக்கூடாதோ? சரித்திரமெண்டால் எல்லாம் இருக்கவேணும்."

அப்படி நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னவன் நான்தான். இரண்டு கிழமை உங்களை விடாமல் நச்சரித்தேன். கடைசியில் ஒருநாள் கந்தோரிலிருந்து வந்து, என் வீட்டு விறாந்தையில் இருந்து, கோயிலுக்கு மேற்கே ஒரு சின்னப் பிறையும் அதன் பக்கத்தில் கிணற்றுக்கு ஒரு வட்டமும் போட்டீர்கள். மிளகளவுதான். போட்டுவிட்டு நீண்டநேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தீர்கள். "எங்கடை வாப்பா இருந்திருந்தால் பாத்திருப்பார்" என்றீர்கள்.

அன்றைக்கு வேறொன்றும் நடந்தது. கேணியின் கரையை ஒரு இடத்தில் பிழையாகக் கீறியிருந்ததைச் சுரண்டித் திருத்தினீர்கள். சவர பிளேட்டை இரண்டாக முறித்து, அரைத் துண்டால் மையை மட்டும் மெல்லச் சுரண்டி எடுத்தீர்கள். சுரண்டிய இடத்தைப் பெருவிரல் நகத்தால் தேய்த்தீர்கள்.

"தேய்க்காட்டி மை ஊறிப் பரவிப்போடும். தேய்ச்சாலும் வெளிச்சத்திலை பிடிச்சால் தெரியும். கந்தோரிலை எந்தத் தாளைத் தந்தாலும் ஆர் எங்கை சுரண்டினதெண்டு நான் சொல்லுவன்."

மற்ற அரை பிளேட்டை நெருப்புப் பெட்டியில் வைத்து என் மேசையிலே மறந்துவிட்டுப் போனீர்கள்.

மலர்க்குழுத் தலைவர் காணிப் பத்திரங்கள் எழுதி ஓய்வுபெற்ற நொத்தாரிசு. நல்ல மனிதர் என்றுதான் ஊரில் பெயர். படத்தை மூக்குக்கிட்டப் பிடித்துப் பார்த்தார்.

"மாஸ்டர், கோயிலுக்குப் பக்கத்திலை பிறை ஒண்டு கிடக்கு."

"உண்மைதானே ஐயா. ஏட்டிலையே இருக்கு."

"பொய்யெண்டு ஆர் சொன்னது? இப்ப உதைக் கிளறி என்னத்தைக் காணப்போறம்? காலம் கிடக்கிற கிடையிலை உங்கடை நானாவுக்குத்தான் கரைச்சல் வரும்."

உங்களுக்குக் கரைச்சல் வரும் என்ற சொல்லை நான் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன். உங்களைக் காப்பாற்றத்தான் செய்கிறேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். உண்மையில் நான் பயந்தது என் கட்டுரை மலரில் வராமல் போய்விடும் என்று. பதினெட்டுப் பக்கக் கட்டுரை நானா, முதற்பக்கத்தில் என் புகைப்படத்தோடு. அதற்காகத்தான்.

ஒரு சனிக்கிழமை காலை, நெருப்புப் பெட்டியைத் திறந்து உங்கள் பிளேட்டை எடுத்தேன். பிறை போக ஐந்து நிமிடம் எடுத்தது. கிணறு அவ்வளவு நேரமும் எடுக்கவில்லை. நகத்தால் தேய்க்கவும் மறக்கவில்லை, உங்களிடம் பார்த்துப் பழகியதுதானே.

பங்குனியில் மலர் வந்தது. நீங்கள் பக்கத்தைப் புரட்டிப் படத்தில் நின்றீர்கள்.

"மாஸ்டர், பிறையைக் காணேல்லை."

"அச்சகத்திலை விடுபட்டுப் போச்சு நானா. சின்னக் குறிதானே, அச்சுத் தகடு எடுக்கேக்கை போயிருக்கும்."

"இருக்கும்" என்றீர்கள். அவ்வளவுதான். ஆனால் மூலத் தாளைத் திருப்பிக் கேட்கவில்லை. உங்கள் கையால் கீறிய ஒரு தாளையும் யாரிடமும் விட்டுவைக்காத ஆள் நீங்கள். வாங்கினால் வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்க வேண்டிவரும். அதற்குத்தான் கேட்கவில்லை. இது எனக்கு விளங்கவே பல வருடம் பிடித்தது.

அதே ஆண்டு ஐப்பசியில் உங்கள் ஆட்கள் எல்லோருக்கும் ஊரை விட்டுப் போக இரண்டு மணித்தியாலம் தந்தார்கள். துவக்கைத் தோளில் போட்டுக்கொண்டு வந்து சொன்னவர்கள் வேற்று நாட்டார் இல்லை, எங்கடை இயக்கப் பொடியள். என்னிடம் படித்தவர்களும் அதில் இருந்தார்கள், அதை நான் மறைக்கப்போவதில்லை. செய்தி கேட்டு நான் சைக்கிளில் வெளிக்கிட்டேன். உங்கள் தெருவுக்கு முந்திய வளைவு வரைக்கும் வந்தேன். சனம் பைகளோடு நிரையாகப் போய்க்கொண்டிருந்தது. சந்தியில் மேசை போட்டுப் பைகளைக் கிண்டி, நகையையும் சாமானையும் பறித்து வைத்தார்கள். உங்கள் மனைவியின் காதில் கிடந்ததைக் கழற்றும்போது நீங்கள் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு நின்றீர்கள். அந்தப் பக்கத்தில்தான் நான் நின்றேன். நீங்கள் என்னைக் கண்டீர்களோ தெரியாது. நான் சைக்கிளைத் திருப்பினேன்.

போய் நின்று ஒரு வார்த்தை கதைத்திருந்தால் என்ன நடந்திருக்கும்? ஒன்றும் நடந்திருக்காது. நீங்கள் போகத்தான் வேண்டியிருந்திருக்கும். இருந்தாலும் ஒரு மனிதன் வந்து பக்கத்தில் நின்றான் என்று உங்களுக்கு இருந்திருக்கும். அதைக்கூட நான் தரவில்லை.

போரில் மூடிக் கிடந்த பாதை திறந்து, சமாதானம் என்று எல்லோரும் சொல்லிக்கொண்டிருந்த நாட்களில் நீங்கள் ஒருமுறை வந்தீர்கள். உங்கள் வீட்டில் நிலையும் இல்லை, கதவும் இல்லை, கூரைக்குள்ளால் வேம்பு வளர்ந்து நிற்கிறது என்று சிரித்துக்கொண்டே சொன்னீர்கள். என் வீட்டுச் சுவரில் மலரில் வந்த படத்தைச் சட்டம் போட்டு மாட்டியிருந்தேன். அதைக் கழற்றி வைக்கவேண்டும் என்ற புத்தி எனக்கு வரவில்லை. நீங்கள் கிட்டப் போய், கோயிலுக்கு மேற்கே வெறுமையாகக் கிடந்த இடத்தில் விரலை வைத்தீர்கள்.

"மாஸ்டர், பொடியள் எங்களை அனுப்பினது ஐப்பசியிலை. உங்கடை படத்திலை நாங்கள் பங்குனியிலேயே வெளிக்கிட்டிட்டம்."

சிரித்துக்கொண்டுதான் சொன்னீர்கள். வாசலைத் திறந்து விட்டீர்கள் நானா. நான் சொல்லியிருக்கலாம். நான் என்ன சொன்னேன் தெரியுமா?

"அச்சகக்காரர் செய்த வேலை."

"ஓம் ஓம்" என்று சொல்லி, தேத்தண்ணிக்குச் சீனி போட்டுக் கலக்கினீர்கள். பிறகு உங்கள் மகளின் கலியாணத்தைப் பற்றிக் கதைத்தீர்கள்.

இப்போது நல்லூருக்கு வந்தால் உங்களுக்கு இடம் பிடிபடாது. ஐஸ்கிறீம் கடைகளும் ஹோட்டல்களும் பெருகிவிட்டன. குதிரையில் இருக்கிற அரசன் சிலைக்குப் பொன்பூச்சு அடித்திருக்கிறார்கள். இராசதானியின் பெருமையைப் பேச என்னைக் கூட்டங்களுக்குக் கூப்பிடுகிறார்கள். நானும் போய்ப் பேசுகிறேன். கோயிலை இடித்த பறங்கியைப் பற்றிச் சொன்னால் சனம் கொதிக்கிறது. கல்லு வண்டி போன பாதையைக் கையால் காட்டுவேன். உங்கள் பிறையைப் பற்றி ஒரு மேடையிலும் நான் வாய் திறந்ததில்லை. இடிந்துபோனதைச் சொன்னால் மாலை போடுவார்கள், நாங்கள் கிளப்பியதைச் சொன்னால் அடுத்த முறை கூப்பிட மாட்டார்கள். அவ்வளவுதான் என் சரித்திரம்.

மகள் கேட்ட பிறகு, பேரப்பிள்ளையின் வரைபேனையை வாங்கி, பிறையைத் திரும்பப் போடலாம் என்று உட்கார்ந்தேன். தாளை யன்னலில் பிடித்தேன். சுரண்டிய இடம் பால்போலத் தெளிவாகத் தெரிந்தது. பேனையை வைத்ததும் மை நிற்கவில்லை. தாளின் நாருக்குள் இறங்கி, ஊறி, நான் பார்த்துக்கொண்டிருக்கவே பரவியது. அன்றைக்கு நான் தேய்த்த தேய்ப்பு எந்த மூலைக்குக் காணும்? மிளகளவு இருந்தது ஒரு சதக்குற்றிக் காசளவு கறையாகிவிட்டது. நாலு கோயிலையும் விட அதுதான் இப்போது பெரிதாகத் தெரிகிறது.

அப்படியே கொண்டுபோய் ரவுண் கடைத்தெருவில் ஒரு கடையில் கொப்பி எடுக்கக் கொடுத்தேன். அங்கே வேலை செய்கிற பெண் கெட்டிக்காரி. கணினித் திரையில் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தாள்.

"ஐயா, உதிலை மை கொட்டியிருக்கு. அழிச்சு விடட்டோ? ஒரு நிமிச வேலை. இருந்த இடமே தெரியாது."

ஒரு நிமிசமாம் நானா. எனக்கு அரை பிளேட்டும் ஐந்து நிமிடமும் தேவைப்பட்டது. தாளிலே ஒரு அடையாளமாவது மிஞ்சியது. இனி அதுவும் மிஞ்சாது.

"வேண்டாம் பிள்ளை. உள்ளபடியே விடு" என்றேன். படம் வட்ஸ்அப்பில் புத்தளம் போனது.

நேற்றுப் பின்னேரம் மகள் திரும்பப் பேசினாள்.

"மாஸ்டர் மாமா, படம் வந்தது. பிள்ளையள் ஆசையாப் பாத்தவை. கோயிலடியிலை மை கொட்டிக் கிடக்கே? வாப்பாவின்ரை கை அப்பிடி இல்லையே."

உங்கள் கைக்குப் பழி வரப்போகிறது என்றதும்தான் எனக்குச் சொல்ல வந்தது. "வாப்பா இல்லைப் பிள்ளை. அது நான்" என்று தொடங்கினேன். பிளேட், நொத்தாரிசு, சனிக்கிழமை, சந்தி, சைக்கிள், எல்லாவற்றையும் சொன்னேன்.

"அச்சகத்திலை விடுபட்டதெண்டெல்லோ வாப்பா எங்களுக்குச் சொன்னவர்" என்றாள். "கண்ணை மூடி மௌத்தாகிற கிழமையும் அப்பிடித்தான் சொன்னவர். மாஸ்டர் அதுக்காக அச்சகத்தோடை சண்டை பிடிச்சவர் எண்டும் சொன்னவர்."

பிறகு, "வைக்கிறன் மாமா" என்றாள். வைத்துவிட்டாள்.

நான் சண்டை பிடித்தேனாம். அந்தச் சண்டையை எனக்காக நீங்களே உண்டாக்கியிருக்கிறீர்கள். புத்தளத்து அகதி முகாமில் ஓலைக் கொட்டிலுக்குள் இருந்துகொண்டு, என்னைத் திட்டியிருக்கலாம். பிள்ளைகளிடம் என் பெயரைச் சொல்லிக் காறித் துப்பியிருக்கலாம், அதற்கு உங்களுக்கு முழு உரிமையும் இருந்தது. அதைச் செய்யாமல் என் பொய்யை எடுத்துத் துடைத்து, நல்லதொரு கதையாக்கி, அவர்கள் கையில் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறீர்கள்.

சந்தியில் மேசை போட்டு எல்லாவற்றையும் பறித்தார்கள். அவர்கள் கிண்டிப் பார்த்தும் கண்டுபிடிக்காமல் நீங்கள் ஊரிலிருந்து கொண்டுபோன ஒரே சாமான் என் பொய்தான். நேற்று அதை உங்கள் மகளிடமிருந்து திருப்பி வாங்கிவிட்டேன் நானா. அவளுக்கு இப்போது மாஸ்டர் மாமா என்று ஒருவர் இல்லை. படத்தைச் சுருட்டிக் குழாயில் போட்டிருக்கிறேன். அரை பிளேட்டும் அதே நெருப்புப் பெட்டியில்தான் இருக்கிறது.