விதை கொட்டும் முன் திறந்த படல்

இன்று மதியம் நான் வேலை பார்க்கும் பனியன் கம்பெனியின் செக்கிங் மேசையில், ஒரு வெள்ளை டீசர்ட்டின் மடிப்போரத்தில் கொழுக்கட்டைப் புல்லின் விதை ஒட்டியிருந்தது. எந்தத் தொழிலாளியின் சேலையோடு கம்பெனிக்குள் வந்ததோ! சரிபார்க்கும் பெண் பூச்சி என்று நினைத்து அலறிவிட்டாள். நான் நகத்தால் கிள்ளி எடுத்து உள்ளங்கையில் வைத்துப் பார்த்தேன். நினைவுக்கு வந்தது நீதான். நீ வந்த வேகத்திலேயே கோபமும் வந்தது. நீ போய் ஒரு வருடம் ஆகப்போகிறது. செத்தவர்கள்மேல் கோபப்படக் கூடாது என்கிறார்கள். அப்படிச் சொல்கிறவர்களை அவர்களுடைய உயிர்த்தோழி ஏமாற்றியிருக்க மாட்டாள்.

கல்லூரியில் நாம் இருவரும் தாவரவியல். பனியன் கம்பெனி வேலைக்காகத் தூத்துக்குடிப் பக்கமிருந்து வந்த குடும்பம் உன்னுடையது. வெள்ளகோவிலுக்குப் பக்கத்தில் நாலு ஏக்கர் கொறங்காடு வைத்திருந்த குடும்பம் என்னுடையது. உழாமல், விதைக்காமல், புல்லுக்கும் வெள்வேல மரத்துக்கும் விட்டுவைத்த மேய்ச்சல் நிலம். சுற்றிலும் கிளுவை வேலி. ஐப்பசி மழையில் புல் தழைத்ததும் படலைச் சாத்திவிடுவார் அப்பா. கதிர் முற்றி விதை கொட்டும்வரை எந்த ஆடும் உள்ளே போகாது.

அப்படிச் சாத்தியிருந்த ஒரு நாளில்தான் நீ முதன்முதலாக வந்தாய். செய்முறை நோட்டில் ஒட்ட உனக்கு ஒரு கதிர் வேண்டும்.

"ஒரு கதிர்தான புள்ள, உள்ள போய்ப் பறிச்சுக்க" என்றேன்.

"வேண்டாம்ட்டி. உங்கப்பா வச்சிருக்க மொறைய நான் ஏன் கெடுக்கணும்?" என்று சொல்லிவிட்டு, வேலிக்கு வெளியே நீண்டிருந்த ஒரு கதிரைத் தேடிப் பறித்துக்கொண்டாய். அன்றிரவு அப்பா உன்னைப் புகழ்ந்த புகழ்ச்சியில் எனக்குக் கொஞ்சம் பொறாமைகூட வந்தது.

இறுதியாண்டில் ராஜஸ்தானுக்குச் சுற்றுலா போனோம். ரயிலில் ஜன்னலோர இடத்தை என்னிடமிருந்து பிடுங்கிக்கொண்டு, வழியெல்லாம் நீயே பேசிக்கொண்டு வந்தாய். பாலக்காட்டுக் கணவாயைத் தாண்டியதும் வேலமரம் போய்ப் பலாமரம் வந்தது. கொங்கணக் கரையில் பாறைகூடப் பச்சையாக இருந்தது. குஜராத்தைக் கடந்தபின் இலைகள் சிறுத்துச் சிறுத்து முள்ளாகிவிட்டன. "மழைமானி எதுக்குட்டி? இலையப் பாரு, எம்புட்டு மழைன்னு அதுவே சொல்லும்" என்றாய்.

மணல்மேட்டில் நடந்துகொண்டிருந்தபோது திடீரென்று மண்டியிட்டுக் கத்தினாய்.

"ஏட்டி! இங்க வா! உங்க காட்டுப் புல்லுட்டி இது!"

அதே கொழுக்கட்டைப் புல்தான். அங்கிருந்த ஆட்டுக்காரர் அதைத் தாமன் என்றார். நாட்டின் ஒரு கோடியிலிருந்து மறுகோடிக்கு வந்து, எங்கள் காட்டைப் பார்த்ததுபோல இருந்தது எனக்கு. "மழை கம்மியான மண்ணுக்குப் புல்லுதான் காடு. அங்க வந்து மரத்தத் தேடுதவன் மடையன்" என்று அந்த மணலில் நின்றபடி சொன்னவள் நீ.

அந்த நீதான் மூன்று வருடங்களுக்கு முன் ஒரு கோப்போடு என் வீட்டுக்கு வந்தாய். அப்பா காலமாகி, காடு என் பெயருக்கு மாறியிருந்தது. பெரிய ஏற்றுமதி கம்பெனி ஒன்றில் சுற்றுச்சூழல் பிரிவைப் பார்த்துக்கொண்டிருந்தாய். எங்காவது மரம் வளர்த்துக் காட்டினால்தான் துணி வாங்கும் வெளிநாட்டு பையர் ஆர்டர் தருவான் என்றாய். "புல்லத் தொடமாட்டோம்ட்டி. வேலியோரம் மட்டுந்தான் மரம். என்ன நம்ப மாட்டியா?" என்று கேட்டாய். உன்னை நம்பாமல் வேறு யாரை நம்புவது? படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டேன்.

ஷிப்மெண்ட் நெருக்கடியில் சில வாரங்கள் காட்டுப் பக்கம் என்னால் போக முடியவில்லை. எங்கள் காட்டில் வழக்கமாகச் செம்மறி மேய்க்கும் பெரியவர்தான் போன் செய்தார்.

"அம்மிணி, காட்டுக்குள்ள ஜேசிபி ஓடுதுங்க. நீங்க சொல்லித்தான் உட்டாங்களா? இன்னும் வெதை கொட்டலீங்களே!"

போய்ப் பார்த்தபோது படல் வேலிமேல் வீசப்பட்டுக் கிடந்தது. பால் பிடித்த கதிர்களோடு புல் வேர் பெயர்ந்து குவிந்து கிடந்தது. அது வளர்ந்திருந்த இடத்தில் வரிசை வரிசையாக மகாகனிக் கன்றுகள். 'தரிசு நிலத்தைப் பசுமையாக்கும் திட்டம்' என்று ஒரு பலகை. எங்கள் காட்டையா தரிசு என்று எழுதினாய்? பலகைக்குப் பக்கத்தில் தொப்பி போட்டுக்கொண்டு நீ நின்றிருந்தாய்.

"மகாகனிக்கு இந்த மழை பத்தாதுன்னு உனக்குத் தெரியாதா புள்ள?"

"தெரியும்ட்டி. ஆனா மேலேருந்து போட்டோ எடுத்தா பச்சையாத் தெரியணும். உங்க புல்லு பாதி வருசம் மஞ்சளால்லா கெடக்கு. மஞ்சள எவன் பாப்பான்?"

தெரியாமல் செய்திருந்தால் அன்றே மன்னித்திருப்பேன். அந்தத் 'தெரியும்'தான் இன்றுவரை தொண்டையில் நிற்கிறது.

முதல் கோடையிலேயே தண்ணீர் லாரி நின்றுபோயிற்று. கன்றுகள் குச்சியாயின. போட்டோ எடுத்தாகிவிட்டதால் கம்பெனியிலிருந்து யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. பெரியவர் மேய்ச்சலுக்கு இடமில்லாமல் ஆடுகளை விற்றுவிட்டார். நீ எத்தனையோ முறை கூப்பிட்டாய், நான் எடுக்கவில்லை. கடைசியில் உன் சாவுக்குத்தான் வந்தேன். "அவ ஒன்னப் பத்தியே பேசுவா தாயி" என்று உன் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். எனக்கு அழுகை வரவில்லை. என்ன பேசினாய் என்றும் நான் கேட்கவில்லை.

போன வாரம் பக்கத்துக் காட்டுக்காரரிடம் இன்னொரு கம்பெனி ஆள் அதே மாதிரிக் கோப்போடு வந்திருந்தான். கேள்விப்பட்டு ஓடினேன். பேனா அவர் கையில் இருந்தது. நிற்காமல் பேசினேன். பலாமரம் எங்கே முடிகிறது, முள் எங்கே தொடங்குகிறது, பாலைவனத்துக்காரன் இதே புல்லை எப்படிப் போற்றி வைத்திருக்கிறான் என்று எல்லாவற்றையும் சொன்னேன். குறைந்த மழைக்குப் புல்லுதானுங்க காடு என்றேன். அவர் பேனாவை மூடி அந்த ஆளிடமே கொடுத்துவிட்டார்.

"ஏனுங்க அம்மிணி, இத்தனையும் உங்களுக்கு ஆரு சொல்லிக் குடுத்தாங்க?"

வாய்வரை வந்த வசவை விழுங்கிவிட்டு உன் பெயரைச் சொன்னேன்.

"உங்க காட்ட அழிச்ச அந்தப் புள்ளைங்களா?"

"அவளேதானுங்க" என்றேன்.

உன்னை நான் மன்னிக்கவில்லை. ஆனால் நீ செய்தது எவ்வளவு பெரிய துரோகம் என்று இன்னொருவருக்கு எடுத்துச் சொல்ல, நீ சொன்ன சொற்களைத் தவிர என்னிடம் வேறு சொல் இல்லை.