அவை வணக்கத்தில் அக்காவின் பெயர்

அண்ணாச்சி,

காலையில் அச்சகத்துக்குள் நுழைந்ததும் மை வாடை. ஈரம் காயாத சுவரொட்டிகளில் கட்சிப் பிரமுகர்களின் முகங்கள் பெரிது பெரிதாய்ச் சிரித்தன. கீழ் மூலையில் தபால்தலை அளவுக்கு நீங்கள். உங்களுக்கான கண்ணீர் அஞ்சலி அது. வடிவமைத்தவளும் நான்தான். "கவிஞர் படம் சின்னதாப் போதும்க்கா, தலைவர் மொகம் மறைஞ்சிரப் போவுது" என்று கட்சிக்காரர் பக்கத்திலேயே நின்றார்.

கட்சி மேடைகளில் கவிதை பாடித்தான் பிழைத்தீர்கள். தலைவரில் தொடங்கிக் கிளைச் செயலாளர் வரை ஒருவர் விடாமல் அடைமொழியோடு அவை வணக்கம் சொன்ன பிறகே கவிதை வரும். "ஒரு பேரு விட்டுப் போச்சுன்னா அடுத்த கூட்டத்துக்குக் கூப்பிட மாட்டாக தாயி" என்பீர்கள். அத்தனையும் பொய் என்று நான் கேலி செய்தால், "பொய்யிலயும் சந்தம் தப்பக் கூடாதுல்ல" என்று சிரிப்பீர்கள்.

எம். புதுப்பட்டிப் பக்கம் பட்டாசு ஆலை வெடித்து, அங்கே வேலை பார்த்த என் அக்கா முத்துமாரியோடு இன்னும் மூன்று பெண்கள் செத்துப் போனார்கள். கட்சி நடத்திய இரங்கல் கூட்டத்தில் பாட உங்களைத்தான் அழைத்தார்கள். அன்று மத்தியானம் வீட்டுக்கு வந்து, "ஒங்கக்கா கை எப்பிடி இருக்கும் தாயி?" என்று கேட்டீர்கள். துக்க வீட்டில் இது என்ன கேள்வி என்று எரிச்சல்தான் வந்தது.

"பட்டாசு மருந்து பட்டுப் பட்டு வெள்ளியா மினுங்கும். எம்புட்டுத் தேச்சாலும் போகாது" என்றேன்.

மேடையேறியதும், "வெள்ளிக் கை முத்துமாரியே, வணக்கம்" என்று ஆரம்பித்தீர்கள். அடுத்து அவளோடு போன மற்றப் பெண்கள், ஆளுக்கொரு அடைமொழியோடு. மேடையில் உங்களுக்குப் பின்னால் நாற்காலிகளில் இருந்த கட்சிப் பிரமுகர்களில் ஒருவர் பெயரும் வரவில்லை. முன்வரிசையில் குனிந்திருந்த என் அம்மா நிமிர்ந்து பார்த்தாள். "ஏலே, யார்லே இவரை ஏத்துனது?" என்று மேடையில் சத்தம். மைக்கை அணைத்துவிட்டார்கள். நான்காவது பெயரை மைக் இல்லாமலே சொல்லிவிட்டுத்தான் இறங்கினீர்கள்.

பிறகு ஒரு மேடையும் உங்களைக் கூப்பிடவில்லை. கல்யாண வாழ்த்து எழுதிக் காலம் தள்ளினீர்கள். வருத்தமா என்று ஒருமுறை கேட்டேன். "இருக்கத்தான் செய்யுது தாயி. கைதட்டுக்குப் பழகுன காதாச்சே" என்றீர்கள். அது இன்னும் எனக்கு வலிக்கிறது.

இன்று சாயங்காலம் உங்கள் இரங்கல் கூட்டம். வந்திருந்த பெரிய மனிதர்களுக்கெல்லாம் வணக்கம் சொல்லி முடிவதற்குள் இருட்டிவிட்டது. உங்களைப் பற்றிப் பேச யாருக்கும் நேரமில்லை. எந்த மேடையில் பெயர் வாசித்தாலும் நான் வாய்க்குள் அந்த நான்கு பேருக்கு வணக்கம் சொல்வேன், நீங்கள் சொன்ன அதே வரிசையில். இன்றும் சொன்னேன். அவர்களுக்குப் பிறகு உங்களை விளிக்க வாயெடுத்தேன். அடைமொழி எதுவும் வரவில்லை அண்ணாச்சி. வெறும் பெயரைச் சொல்லி, வணக்கம் என்றேன்.