வில்லன் மூஞ்சி

1963 நவம்பர் 4, திங்கள்

இன்று மீன் சந்தையில் மரிகோ என் மேல் துப்பிவிட்டாள். வருடக்கணக்காக அவளிடம்தான் மத்தி வாங்குகிறேன். நேற்று என் புதுப் படத்தைப் பார்த்திருக்கிறாள். அதில் ஒரு விதவையை மழையில் வீட்டை விட்டுத் துரத்துகிறேன். “அந்தப் பொம்பளைய நடுத்தெருவுல விட்டியே, நீ நல்லா இருப்பியாடா பாவி?” என்றாள். தூ! ஒரே தரம், குறி தப்பாமல் காலரில். கைக்குட்டையால் துடைத்துக்கொண்டேன். கூட வந்த மகள் டனாயி வீடு வரைக்கும் விலகியே நடந்தாள்.

நல்ல நடிகன் என்று சந்தோஷப்பட வேண்டுமாம், எவாந்தியா சொல்கிறாள். என் பெண்டாட்டிக்கு என்ன, அவள் மேலா துப்பினார்கள்?

நவம்பர் 5, செவ்வாய்

செவ்வாய்க்கிழமை போய் எதையும் கேட்காதே என்று எவாந்தியா தலைபாடாக அடித்துக்கொண்டாள். கேட்டேனா? தயாரிப்பாளர் லிகூர்கோஸிடம் போய் அவருடைய அடுத்த படத்தில் வரும் அப்பா வேடத்தைக் கேட்டேன்: மகளைக் கட்டிக்கொடுத்துவிட்டுத் தனியாக நிற்கிற பஸ் டிரைவர். அவர் காபிக் கோப்பையைக் கீழே வைக்கவே இல்லை. “ஸ்டாத்தி, உன் மூஞ்சியத் திட்டத்தான் ஜனங்க டிக்கெட் வாங்குறாங்க. நீ அழுதா சிரிப்பாங்கப்பா.” ஒரு தரம் சிரித்துவிட்டால் அப்புறம் வில்லனாகக்கூட யாரும் பயப்பட மாட்டார்களாம்.

நவம்பர் 9

கண்ணாடி முன் அழுது பார்த்தேன். புருவம்தான் கெடுக்கிறது. எவாந்தியா எட்டிப் பார்த்து, பல் வலியா என்று கேட்டாள்.

நவம்பர் 21

இன்னும் மூன்று படத்தில் வில்லனாக வருவதாக லிகூர்கோஸிடம் எழுதிக் கொடுத்தேன். பதிலுக்கு அப்பா வேடம் கிடைத்தது. சந்தோஷமா? மறுபடியும் கண்ணாடி முன் போய் நின்றேன்.

1964 ஜனவரி 16

கடைசிக் காட்சி எடுத்தார்கள். மகள் கல்யாணத்தில் கொடுத்த சர்க்கரைப் பாதாமைச் சட்டைப்பையிலிருந்து எடுத்துத் தின்றபடி காலி பஸ்ஸை ஓட்ட வேண்டும். அழவில்லை. டனாயி விலகி நடந்தது ஞாபகம் வந்தது, பாதாம் தொண்டையில் இறங்கவில்லை. அவ்வளவுதான் செய்தேன். அது நடிப்பா? தெரியவில்லை.

பிப்ரவரி 17, திங்கள்

படம் வெளியாகிவிட்டது. தியேட்டர் பக்கமே போகவில்லை — பொய், போனேன். கதவுக்கு வெளியே நின்றேன். என் முகம் வந்ததும் உள்ளே ஒரே சீழ்க்கை, சிரிப்பு. அதற்கு மேல் நிற்க முடியவில்லை. தொலைந்தேன்.

பிப்ரவரி 18, செவ்வாய்

மீன் வேண்டாம் என்றேன். எவாந்தியா விடவில்லை, டனாயியையும் கூட அனுப்பினாள். தலையைக் குனிந்துகொண்டே போனேன். மரிகோ கையை இடுப்பில் கட்டியிருந்த துணியில் துடைத்தபடி கடையைச் சுற்றிக்கொண்டு நேரே என் முன்னால் வந்தாள். கைக்குட்டையைத் தேடினேன்.

“பொண்ணக் கட்டிக் குடுத்தா இப்படியா ஒத்தையில பாதாமத் தின்னுக்கிட்டுத் திரிவ? எங்க வீட்டுக்கு வந்து ஒருவாய் சாப்பிட்டா என்ன?” டனாயியின் கன்னத்தைத் தொட்டாள். “இவளா உன் பொண்ணு? கண்ணு பட்டுடப் போகுது.” அவளுக்கும் சேர்த்து, எனக்கும் சேர்த்து — தூ, தூ, தூ. மூன்று தரம்.

டனாயி என் கையைப் பிடித்துக்கொண்டாள். நான் நடுத்தெருவில் நின்று அழுதேன். யாரும் சிரிக்கவில்லை.